பிரதான குடியிருப்பாளர் பிரின்ஸ்

குதிரையைப் பற்றி இதுவரை எழுதப்பட்ட புத்தகங்கள் மூன்று வகைப்படும். ஒன்று, குதிரை வைத்திருந்தவர்கள் எழுதிய நினைவுக் குறிப்பு. இரண்டு, குதிரையே வைத்திராதவர்கள் எழுதிய நாவல். மூன்று, குதிரையைப் பராமரிப்பது எப்படி என்று, அதன் லத்தியை அள்ளப்போகிற மனிதனுக்காக எழுதப்பட்ட வழிகாட்டி. முதல் இரண்டும் கெட்டி அட்டை போட்டுப் பங்களா அலுமாரியில் இருக்கும். மூன்றாவது, ஓரத்தில் கம்பி அடித்த பதினெட்டுப் பக்கமாக, ஒரு திங்கட்கிழமை, பெயர் கூப்பிட்டு வேலை பிரிக்கும் பெரட்டுக் களத்தில் வீரசிங்கத்தின் கைக்கு வந்து சேர்ந்தது.

மடுல்சீமைக்குப் போகிற பாதையில், பஸ் திரும்பிவிடும் இடத்திலிருந்து இன்னும் மூன்று மைல் நடந்தால் பெல்மோரி தோட்டம். அதில் வரிசை வீடுகளாக இரண்டு லயம், ஒற்றை அறைகளாக இருபத்துநான்கு காம்பரா, தொண்ணூற்றேழு உயிர்கள். வீரசிங்கம் அங்கே சில்லறை வேலை செய்கிறவன். தண்ணீர் வடியக் கான் வெட்டுவான், மருந்தடிப்பான், முன்பு ஒரு காலத்தில் பங்களாவில் நின்ற இரண்டு மாடுகளையும் பார்த்திருக்கிறான். மாட்டுக்கும் நான்கு கால், குதிரைக்கும் நான்கு கால் என்கிற நிர்வாக நுணுக்கத்தின்படி அவன் குதிரைப் பராமரிப்பாளனாக நியமனம் பெற்றான்.

குதிரை ஏன் வந்தது என்பதையும் சொல்லிவிட வேண்டும். தோட்டத்தை நிர்வகிக்க வந்த புதுத் தொரை கொழும்பில் படித்தவர். தேயிலை வளர்ப்பதைவிடத் தேயிலை வளர்ந்த கதையைச் சொல்வதில்தான் வருங்காலம் இருக்கிறது என்று கம்பனி கண்டுபிடித்திருந்த சமயம் அது. அதற்குப் பாரம்பரியம் என்று பெயர். வெள்ளைக்காரன் போட்டுவிட்டுப் போனதைத் துடைத்து, வெள்ளைக்காரனுக்கே ஒரு இரவுக்கு இவ்வளவு என்று வாடகைக்கு விடுவது. பங்களா விடுதியாயிற்று. அலுமாரியைத் துடைக்கும்போது நூறு வருஷத்துக்கு முந்திய தொரை ஒருவர் எழுதிய நினைவுக் குறிப்பு கிடைத்தது. அதில் அவருடைய குதிரை பிரின்ஸுக்குப் பதினொரு பக்கம். அவருடைய மனைவிக்கு இரண்டு பக்கம். மலையை வெட்டித் திருத்தித் தேயிலை நட்ட எண்ணூறு பேருக்கு ஒரு வரி: ‘கூலிகள் பிரின்ஸை மிகவும் நேசித்தார்கள்.’

புதுத் தொரை அதைப் படித்தார். கையோடு, குதிரைகள் நிலா வெளிச்சத்தில் ஓடுகிற ஒரு தடித்த நாவலையும் படித்தார். ஒரு வாரம் தாடியைத் தடவிக்கொண்டே திரிந்தார். அடுத்த மாதம் நுவரெலியாவிலிருந்து, பந்தயத்தில் ஓடி ஓய்வுபெற்ற குதிரை ஒன்று லொறியில் வந்து இறங்கியது. அதற்கும் பிரின்ஸ் என்றே பெயர் வைத்தார்கள். பத்தொன்பது வயது. முகத்தில் சம்பளம் போடாத நாள் பார்த்த களை.

பெல்மோரி மலைச் சரிவைப் பார்த்ததும் பிரின்ஸ் கண்ணை மூடிக்கொண்டது. தட்டையான மைதானத்தில் ஓடிப் பழகிய பிராணி அது, அதன்மேல் தப்பில்லை. தொரை தொப்பி, சப்பாத்து, சாட்டை சகிதம் ஏறினார். குதிரை இருபது யார் தூரம் நடந்து, கொய்யா மரத்தடியில் நின்று, அங்கேயே நின்றது. எட்டுப் புகைப்படம் எடுத்தார்கள். அதன்பிறகு பங்களாப் புல்தரையை மட்டும் சுற்றி வருவது என்று முடிவாயிற்று. குண்டுச் சட்டிக்குள் குதிரை ஓட்டுவது என்று நம்மவர்கள் எதைச் சொன்னார்களோ அதை வெளிநாட்டுக்காரர்கள் காசு கொடுத்துப் பார்த்தார்கள்.

வழிகாட்டியைத் தலைமை அலுவலகத்தில் யாரோ தமிழில் பெயர்த்திருந்தார்கள். வீரசிங்கம் அதை அன்று மாலை காம்பராவில் உட்கார்ந்து, மனைவி நல்லம்மாவுக்குக் கேட்கும்படி எழுத்துக் கூட்டி வாசித்தான். ‘அசுவத்தின் உறைவிடமானது பன்னிரண்டு அடிக்குப் பன்னிரண்டு அடியிலும் குறையாததாக இருத்தல் வேண்டும். கூரை எவ்வகையிலும் ஒழுகலாகாது. அசுவத்தை மழையில் வேலைக்கு அமர்த்தலாகாது. அசுவத்தை நோக்கி உரத்த குரலில் பேசலாகாது.’

நல்லம்மா அன்று முழுதும் மழையில் படங்குச் சாக்கைக் கட்டிக்கொண்டு கொழுந்து பறித்துவிட்டு வந்திருந்தாள். அவர்கள் இருந்த காம்பரா பத்துக்குப் பன்னிரண்டு. கூரை மூன்று இடத்தில் ஒழுகியது. மூன்று இடத்திலும் பாத்திரம் வைத்திருந்தாள்.

"மழையில வேலை வாங்கக் கூடாதாமா?" என்றாள்.

"அப்படித்தான் போட்டிருக்கு."

"சத்தம் போட்டுப் பேசக் கூடாதாமா?"

"ஆமா."

"அந்தப் புத்தகத்தைக் கங்காணிகிட்டயும் ஒருக்காக் குடுத்துட்டு வாங்க. குதிரைன்னு போட்டிருக்கிற எடத்துல மட்டும் கொஞ்சம் வெரலை வச்சி மறைச்சிக்கிட்டுக் குடுங்க."

கூரைக்கு நான்கு தகரம் கேட்டு அவள் ஆபீசுக்கு மனுக் கொடுத்து நான்கு வருஷமாகியிருந்தது. பெல்மோரியில் தகரம் குதிரைக்கொம்பு. குதிரைக்குக் கொம்பு இல்லையே தவிர, தகரம் இருந்தது. மூன்றே வாரத்தில் சிமெந்துத் தரை, புதுத் தகரம், மின்சார பல்ப், தண்ணீர்க் குழாய் எல்லாவற்றோடும் கொட்டில் எழும்பியது. மிருக வைத்தியரின் வாகனம் வருவதற்காகக் கொங்கிறீட் பாதையும் போட்டார்கள். பாதை கொட்டில் வாசலில் முடிந்தது. லயம் அங்கிருந்து நாற்பது யார் தூரம்.

இனித்தான் கதையின் காரியம் வருகிறது. குதிரையை மிருக வைத்தியப் பதிவில் சேர்க்க ஒரு படிவம். அதில் ஏழாம் கேள்வி: ‘விலங்கு உண்மையாக வசிக்கும் இடத்தின் விலாசம். (தோட்ட அலுவலகத்தின் விலாசம் ஏற்றுக்கொள்ளப்படமாட்டாது.)’ நியாயமான கேள்விதான். அலுவலகத்தில் குதிரை வசிப்பதில்லை. ஆகவே பெரிய கிளாக்கர் அந்தோனி பிரதேச செயலகத்துக்கு எழுதினார், அவர்கள் அளந்து பார்த்தார்கள், ஒரு மாதத்துக்குள் கொட்டில் வாசலில் நீலப் பலகை ஏறியது: ‘இல. 1, பிரின்ஸ் வீதி’.

நூற்றைம்பது வருஷம் மனிதர் குடியிருந்த லயத்துக்கு ஒரு இலக்கம் கிடையாது. லயத்துக்காரர் எல்லாருக்கும் விலாசம் ஒன்றுதான்: பெல்மோரி தோட்டம். கடிதம் எல்லாம் ஆபீசுக்குப் போகும். அங்கே அந்தோனி அவற்றை ஒரு பிஸ்கட் டின்னில் போட்டு வைப்பார். டின் நிரம்பினால் திறப்பார். அவர் கெட்டவர் இல்லை. டின் பெரியது, அவ்வளவுதான்.

போன வருஷம் அந்த டின்தான் வீரசிங்கத்தின் மகள் சுபாஜினியின் வயிற்றில் அடித்தது. உயர்தரம் பாஸ் பண்ணி, ஆசிரிய உதவியாளர் பரீட்சையும் எழுதியிருந்தாள். நேர்முகப் பரீட்சைக்கு வரச்சொல்லி வந்த கடிதம், நேர்முகப் பரீட்சை முடிந்து பதினொரு நாளுக்குப் பிறகு டின்னிலிருந்து எழுந்தருளியது. அவள் அழவில்லை. மறுநாள் கூடையைத் தூக்கிக்கொண்டு தாயோடு மலைக்குப் போனாள். அது வீரசிங்கத்துக்கு அழுததைவிட மோசமாக இருந்தது. இந்த வருஷம் மறுபடி பரீட்சை. வயதெல்லை காரணமாக இதுதான் கடைசித் தடவை.

ஒருநாள் வீரசிங்கம் லத்தி அள்ளிக்கொண்டிருந்தபோது தபால்காரர் விஜேந்திரன் மோட்டார் சைக்கிளில் கொங்கிறீட் பாதையிலேயே வந்து கொட்டில் வாசலில் நின்றார். பிரின்ஸுக்குத் தடுப்பூசி போட வரும் திகதியை அறிவித்துப் பதிவுத் தபால். முந்தின நாள் போட்ட கடிதம். ‘பராமரிப்பாளர்’ என்ற இடத்தில் வீரசிங்கம் கையெழுத்துப் போட்டான். போட்டுவிட்டு, இதே வாசலுக்கு யார் பெயரில் வந்தாலும் இப்படித்தான் கொண்டுவந்து கொடுப்பீர்களா என்று கேட்டான்.

"இலக்கம் இருந்தா வாசலுக்குக் கொண்டாந்து குடுக்கணும்ணே, அதுதான் சட்டம்" என்றார் விஜேந்திரன். "உள்ள குதிரை இருக்கா ஆள் இருக்கான்னு பாக்கச் சொல்லி எங்கயும் எழுதல."

அன்று சுபாஜினி விண்ணப்பத்தை நிரப்பினாள். விலாசம்: இல. 1, பிரின்ஸ் வீதி, பெல்மோரி.

இரகசியம் லயத்தில் தங்குமா? ஒரு மாதத்துக்குள் வங்கிக் கடிதம், ஓய்வூதியக் கடிதம், வழக்குக் கடிதம், கட்டாரில் இருக்கிற மகன் றீட்டா அக்காவுக்கு அனுப்பும் கடிதம், எல்லாம் கொட்டிலுக்கு வரத் தொடங்கின. வீரசிங்கம் தீவனப் பெட்டியை இரண்டாகத் தடுத்து ஒரு பக்கம் கொள்ளும் ஒரு பக்கம் கடிதமுமாக வைத்தான். பிரின்ஸ் கடிதத்தை முகர்ந்துகூடப் பார்க்கவில்லை. அந்த வகையில் அது ஆபீசைவிடப் பொறுப்பான இடம்.

தலைமை அலுவலகத்துக்குச் செய்தி போனது. ஒரு குதிரைக்கு மாதம் அறுபது கடிதம் வருகிறது என்றால் குதிரை அவ்வளவு பிரபலமா என்று அவர்கள் மகிழ்ந்து, தொரையைப் பாராட்டி எழுதினார்கள். தொரையும் பாராட்டை மறுக்கவில்லை.

பிறகு வாக்காளர் இடாப்பு, அதாவது வீட்டில் இருப்போரின் பெயர்ப் பட்டியல், திருத்த வந்தார் கிராம அலுவலர் ஷிஹானா. இளம் வயது, நேர்மையான ஆள், சட்டத்தில் ஒரு எழுத்து விலகமாட்டார். அதுதான் அவரிடம் பயப்பட வேண்டிய விஷயம். கொட்டில் வாசலில் நின்று படிவத்தைத் திறந்தார்.

"இல. 1ல எத்தனை பேர் இருக்கீங்க?"

"தொண்ணூத்தேழு பேருங்க மிஸ்" என்றான் வீரசிங்கம். கடிதத்தில் உள்ள விலாசமும் இடாப்பில் உள்ள விலாசமும் வேறு வேறாக இருந்தால் மகளுக்கு வில்லங்கம் வரும் என்று அவனுக்குப் பயம்.

ஷிஹானா கொட்டிலை எட்டிப் பார்த்தார். பன்னிரண்டுக்குப் பன்னிரண்டு. "இதுக்குள்ளயா?"

"லயத்துலயும் இப்படித்தாங்க இருக்கோம்."

அவர் கட்டத்தில் 97 என்று போட்டார். "பிரதான குடியிருப்பாளர் யாரு? இலக்கம் யாருக்குக் குடுத்ததோ அவர் பேர்தான் வரணும்."

"பிரின்ஸுங்க."

"முழுப் பேர்?"

"அவ்வளவுதாங்க மிஸ்."

"தொழில்?"

வீரசிங்கம் யோசித்தான். "புல்தரையைச் சுத்துறது."

ஷிஹானா ‘பதவிநிலை அதிகாரி’ என்று எழுதிக்கொண்டார். அடுத்த கேள்விதான் சிக்கல்: பிரதான குடியிருப்பாளருக்கு மற்றவர்கள் என்ன உறவு? மாமன் மச்சான் என்று எழுத முடியாது. ஷிஹானா சுற்றுநிருபத்தைப் புரட்டி, பொருத்தமான சொல்லைக் கண்டுபிடித்தார். தொண்ணூற்றேழு பெயருக்கும் நேரே ‘தங்கிவாழ்வோர்’ என்று போட்டார். கிழவர் மாரிசாமி தன் பெயரை அச்சில் பார்த்துவிட்டு, எண்பது வயதில் தனக்கு ஒரு நிரந்தர ஆதரவு கிடைத்துவிட்டது என்றார்.

ஜூன் மாதம் நேர்முகப் பரீட்சைக் கடிதம் வந்தது. போட்ட மறுநாளே, கையில். சுபாஜினி வெள்ளைச் சேலை கட்டிக்கொண்டு பதுளைக்குப் போனாள். தோட்டத்துப் பிள்ளைகளில் இலக்கமும் வீதியும் உள்ள விலாசத்தோடு வந்தவள் இவள்தான் என்று நேர்முகச் சபையில் ஒருவர் மெச்சினாராம். பிரின்ஸ் யார், உறவா என்று கேட்டதற்கு, எங்களுக்கெல்லாம் பெரியவர் என்று சொல்லிவிட்டு வந்தாள். இனி நியமனக் கடிதம் வர வேண்டியதுதான் பாக்கி.

இந்த இடத்தில் நாகரிகம் மாறியது. தலைமை அலுவலகத்தில் புதிதாக வந்த ஒருவர், குதிரை பழசு, இப்போது உல்லாசப் பயணிகள் தேயிலைச் செடிகளுக்கு நடுவே கண்ணை மூடி மூச்சு விடுவதைத்தான் விரும்புகிறார்கள் என்று கண்டுபிடித்தார். மூச்சுக்குத் தீவனம் தேவையில்லை. பிரின்ஸை நுவரெலியாவில் வாவிக்கரையில் சவாரி விடுகிற முதலாளி ஒருவருக்கு விற்றுவிட்டார்கள். லொறியில் ஏற்றும்போது குதிரை வீரசிங்கத்தின் தோளில் முகத்தை வைத்துக்கொண்டு கொஞ்ச நேரம் நின்றது. அவன் அதன் பிடரியைத் தடவிக்கொடுத்தான். ஆனால் அவன் நினைத்தது குதிரையை மட்டுமல்ல, கொட்டில் இருக்கிறது, பலகை இருக்கிறது, கடிதம் வரும் என்றும் நினைத்துக்கொண்டான்.

கடிதம் வரவில்லை. ஒரு வாரமாக ஒன்றுமே வரவில்லை. பண்டாரவளையிலிருந்து சுபாஜினியின் சிநேகிதி றொஷேல் தொலைபேசியில் சொன்னாள்: நியமனக் கடிதம் அவளுக்கு வந்துவிட்டது, மூன்றாம் திகதியிட்டது, பதினான்கு நாளுக்குள் கடிதத்தோடு போய்க் கடமையேற்காவிட்டால் நியமனம் ரத்து. அன்று பத்தாம் திகதி.

வீரசிங்கம் பாதையில் காத்திருந்து விஜேந்திரனை மறித்தான். தபால்காரர் தலையைச் சொறிந்தார். பிரதான குடியிருப்பாளர் இடம் மாறினால் அந்த விலாசத்துக்கு வருகிற எல்லாக் கடிதமும் அவருடைய புது விலாசத்துக்குத் திருப்பப்பட வேண்டும். அந்தோனி இடமாற்றப் படிவத்தை ஒழுங்காக நிரப்பி அனுப்பியிருந்தார். அவர் வாழ்க்கையில் தாமதமில்லாமல் செய்த காரியம் அது ஒன்றுதான்.

ஷிஹானாவிடம் ஓடினான். அங்கே அதைவிடப் பெரிய செய்தி இருந்தது. "தங்கிவாழ்வோருக்குத் தனி விலாசம் இல்லாட்டி, பிரதான குடியிருப்பாளரோடயே அவங்களையும் மாத்தணும். சட்டம் அப்படித்தான் இருக்கு" என்றார். அவருக்கும் வருத்தமாகத்தான் இருந்தது. "நீங்க தொண்ணூத்தேழு பேரும் ஒண்ணாம் திகதியில இருந்து நுவரெலியாவுல இருக்கீங்க." குதிரை கீழே தள்ளியதுமல்லாமல் குழியும் பறித்ததாம் என்பார்கள். இங்கே பாவம், குதிரைக்கு இது ஒன்றும் தெரியாது.

மறுநாள் விடியற்காலை பஸ் ஏறி நுவரெலியாவுக்குப் போனான். பிரின்ஸ் அவனைக் கண்டுகொண்டது. கடிதங்கள் அங்குள்ள தபாலகத்தில் ஒரு மூட்டையாகக் கிடந்தன. மகளின் கடிதம் பதிவுத் தபால், அதற்குக் கையெழுத்து வேண்டும். ‘பராமரிப்பாளர்’ என்று சொல்லிப் பார்த்தான். அந்தப் பதவி பெல்மோரியோடு முடிந்துவிட்டது, இங்கே இன்னும் யாரையும் பதியவில்லை என்றார்கள். அப்படியானால் பிரதான குடியிருப்பாளர் நேரில் வர வேண்டும், கையெழுத்துப் போடத் தெரியாதவராக இருந்தால் பெருவிரல் அடையாளம் வைக்கலாம் என்று சலுகையும் சொன்னார்கள். குளம்பில் பெருவிரல் எது என்று தெரியாமல் வீரசிங்கம் திரும்பி வந்தான்.

கடைசி வழியாக, பெல்மோரியில்தான் இருக்கிறோம் என்று ஒரு கடிதம் தரும்படி ஆபீசில் போய் நின்றான். அந்தோனி கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு பதிவேட்டைப் பார்த்தார்.

"நீ இங்க இல்லையே, வீரசிங்கம்" என்றார்.

"ஐயா, நான் ஒங்க முன்னுக்குத்தான் நிக்கிறேன்."

"நிக்கிறது வேற. இருக்கிறது வேற. நிக்கிறதுக்கு நான் கடிதம் குடுக்க முடியாது."

வீரசிங்கம் காம்பராவுக்குத் திரும்பி நடந்ததைச் சொன்னான். சுபாஜினி கூடையின் அறுந்த கயிற்றை எடுத்து வைத்து முடிச்சுப் போட்டுக்கொண்டிருந்தாள். நல்லம்மா அதைப் பார்த்துக்கொண்டே இருந்தாள். பிறகு எழுந்து, இரண்டு லயத்திலும் ஒவ்வொரு வாசலாகப் போய் இரண்டு வார்த்தை சொல்லிவிட்டு வந்தாள்.

மறுநாள் காலை பெரட்டுக் களத்தில் கங்காணி மட்டும் நின்றார். கங்காணி பெயரைக் கூப்பிட, கொய்யா மரத்துக் காகம் பதில் சொன்னது. எட்டு மணிக்குத் தொரையே லயத்துக்கு நடந்து வந்தார். வாசல்களில் எல்லாரும் துவைத்த உடுப்பு உடுத்தி உட்கார்ந்திருந்தார்கள்.

"ஏன் யாரும் வேலைக்கு வரல?" என்றார் தொரை.

நல்லம்மா எழுந்து நின்று மரியாதையாகச் சொன்னாள். "நாங்க நுவரெலியாவுல இருக்கோங்க தொரை."

"இங்கதானே இருக்கீங்க?"

"இங்க விருந்துக்கு வந்திருக்கோங்க. ஆபீசுல கேட்டுப் பாருங்க, சொல்லுவாங்க. விருந்தாளிங்க கொழுந்து எடுக்கிற வழக்கம் இல்லீங்களே."

தொரை ஆபீசுக்குப் போய் கேட்டார். அந்தோனி பதிவேட்டைக் காட்டினார். வராதவர்களுக்கு எச்சரிக்கைக் கடிதம் அனுப்பும்படி உத்தரவாயிற்று. சட்டப்படி அது பதிவுத் தபாலில், பதிவான விலாசத்துக்குத்தான் போக வேண்டும். வேலைக்குப் பெயருள்ள நாற்பத்தொரு பேருக்கும் கடிதம் போனது. நாற்பத்தொன்றும் மறுநாளே ஒழுங்காக வாவிக்கரைக் குதிரையைத் தேடிப் போய்ச் சேர்ந்தன.

மூன்றாம் நாள் கொழுந்து முற்றிப்போய் நின்றது. தொழிற்சாலை இயந்திரம் சும்மா கிடந்தது. மூச்சு விட வந்திருந்த உல்லாசப் பயணிகள், மலையில் கூடை சுமந்த பெண்கள் ஏன் இல்லை, புகைப்படத்தில் இருந்தார்களே என்று கேட்கத் தொடங்கினார்கள். தொரை ஷிஹானாவைக் கூப்பிட்டு இதற்கு ஒரு வழி சொல்லும்படி கெஞ்சினார்.

"லேசான வழி ஒண்ணு இருக்கு சேர். ஒவ்வொரு காம்பராவுக்கும் ஒரு இலக்கம் குடுங்க. ஒரு டின் பெயிண்டும் ஒரு பிரஷும் போதும்."

தொரைக்கு வேர்த்துவிட்டது. இலக்கம் கொடுத்தால் அது வீடாகிவிடும். வீடானால் அதில் இருப்பவனுக்குக் காணியும் தன்னுடையது என்ற எண்ணம் வரும். அது கொள்கை முடிவு. கம்பனி அமைச்சைக் கேட்க வேண்டும், அமைச்சு ஆணைக்குழுவைக் கேட்க வேண்டும், ஆணைக்குழுவை முதலில் நியமிக்க வேண்டும்.

"வேற வழி?"

"குதிரையத் திருப்பிக் கொண்டாரணும்."

"அதுக்கு என்ன வேணும்?"

"ஒரு லொறி."

பதினாறாம் திகதி பிற்பகல் லொறி வந்தது. முன்னால் பிரின்ஸ், பின்னால் விஜேந்திரனின் மோட்டார் சைக்கிளில், இடமாற்றம் ரத்தானதால் திருப்பி அனுப்பப்பட்ட கடித மூட்டை. பராமரிப்பாளர் வீரசிங்கம் மறுபடி பதவியேற்று, விஜேந்திரன் நீட்டிய கொப்பியில் முதல் கையெழுத்தை மகளின் கடிதத்துக்குப் போட்டான். கெடுவுக்கு ஒருநாள் இருந்தது. பதினேழாம் திகதி காலை ஏழே முக்காலுக்கு சுபாஜினி தெமோதரைப் பக்கத்துப் பாடசாலை ஒன்றில் கடமையேற்றாள். அன்று அவன் ஆனந்தத்தில் குதிரைக்கு இரட்டைப் பங்கு கொள்ளு வைத்துவிட்டான். வழிகாட்டி அதைக் கண்டிப்பாகத் தடை செய்கிறது.

லயம் குதிரைக்கு மாலை போட்டது. முனியாண்டி கோயிலில் அதன் பெயருக்கு அர்ச்சனை நடந்தது. நட்சத்திரம் தெரியாததால் சுவாமி நட்சத்திரத்துக்கே செய்தார்கள். பிரின்ஸ் நீடூழி வாழ வேண்டும் என்று தொண்ணூற்றேழு பேரும் கும்பிட்டார்கள். ஒரு டின் பெயிண்டைப் பற்றி யாரும் கேட்கவில்லை. கேட்டிருந்தால் தொரை அன்றிருந்த பயத்தில் வாங்கியே கொடுத்திருப்பார். இதை நான் யாரிடம் போய்ச் சொல்லி அழுவது?

பக்கத்துத் தோட்டத்துக்காரர்கள் சும்மா இருப்பார்களா? மனு எழுதிக் கையெழுத்து வாங்கினார்கள்: ‘பெல்மோரி மக்களுக்கு வழங்கப்பட்டதைப் போல எமது தோட்டத்துக்கும் ஒரு குதிரையை வழங்கி எமது நீண்டகால விலாசப் பிரச்சினையைத் தீர்த்து வைக்குமாறு தாழ்மையுடன் வேண்டுகிறோம்.’ தேர்தல் வந்தது. மேடையில் ஒருவர் தோட்டத்துக்கொரு குதிரை என்றார். எதிர்மேடையில் இன்னொருவர் லயத்துக்கொரு குதிரை என்றார். இரண்டு மேடைக்கும் கைதட்டல் ஒரே அளவு. வீரசிங்கமும் தட்டினான், பராமரிப்பாளன் வேலை பெருகுமே என்று.

புதுத் தொரை இப்போது தன்னுடைய நினைவுக் குறிப்பை எழுதிக்கொண்டிருக்கிறார். பிரின்ஸ் திரும்பி வந்த அத்தியாயம் மட்டும் பதினொரு பக்கம் என்று கேள்வி. மற்றவர்களுக்கும் ஒரு வரி உண்டு: ‘தொழிலாளர்கள் குதிரையை எவ்வளவு நேசித்தார்களென்றால், அது இல்லாமல் வேலை செய்யவே மறுத்துவிட்டார்கள்.’

போன வாரம் மழையில் விஜேந்திரன் கொட்டில் வாசலுக்கு ஒரு பதிவுத் தபால் கொண்டுவந்தார். நல்லம்மாவுக்கு. ஐந்து வருஷத்துக்கு முன் தகரம் கேட்டுக் கொடுத்த மனுவுக்குப் பதில். பாத்திரத்தில் சொட்டுகிற தண்ணீர்ச் சத்தத்துக்கு மேலே கேட்கும்படி சுபாஜினி டீச்சர் அதைத் தாய்க்கு உரக்க வாசித்தாள்.

‘தங்களது மனு தொடர்பாக அதிகாரிகள் நேரில் வந்து பரிசோதித்ததில், தாங்கள் தங்கிவாழும் இல. 1, பிரின்ஸ் வீதியின் கூரை புத்தம் புதியது என்பதும், எவ்விடத்திலும் ஒழுகவில்லை என்பதும் உறுதிப்படுத்தப்பட்டுள்ளது. ஆகவே தங்கள் மனு நிராகரிக்கப்படுகிறது.’

நல்லம்மா உறையை வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். முந்தின நாள்தான் போட்ட கடிதம். விலாசம் சரியாகத்தான் இருந்தது.